நீலக் கண்ணாடியும் நிறவிளக்கும்

இறைவனை ஒளியோடு ஒப்பிட்டுப் பேசாத சமயத்தைக் காண்டல் அரிது. நம் வீடுகளிலும் விளக்கேற்றிய பின்னரே வழிபாடு தொடங்குகின்றது. உள்ளத்தில் உண்டாகும் தெளிவைக் குறிப்பதற்கு ஒளி என்னுஞ் சொல்லினும் பொருத்தமான வேறொரு சொல் மனிதருக்கு எளிதிற் கிட்டுவதில்லை. ஆயின், ஒளியை உவமையாகக் கொள்வதோடு அமையாது, அதனையே சகல நோய்க்கும் மருந்தாகவும், நிறங்களையே உடம்பின் மூலப் பண்புகளாகவும் வகுத்து, அவற்றின்மேல் ஒரு முழுத் தத்துவத்தையே எழுப்பியோர் சிலர் உளர். அவர்களுள் மிகப் பெயர்பெற்றவர் நம் அயல்நாடாகிய இந்தியாவில், பம்பாயிற் பிறந்தவர். அவர் அமைத்த நிறவிளக்கின் முன் அமெரிக்க மக்கள் ஆயிரக்கணக்கில் அமர்ந்தனர். அதனை நம்பி மருந்தைக் கைவிட்டு மாண்டோரும் உளர்.

உயர்வகுப்பு மாணவர் என்னிடம் அடிக்கடி கேட்கும் வினா ஒன்றுண்டு. "நிறங்களுக்கு நோய் தீர்க்கும் சக்தி உண்டா?" என்பது அது. இல்லையென்று ஒரே சொல்லிற் கூறிவிடுதல் எளிது. ஆனால் அவ்விடை பிழையாகும். உண்டென்று கூறுவதோ அதனினும் பெரும் பிழையாகும். ஆகவே வரலாற்றைச் சொல்லியே விடையளித்தல் வேண்டியிருக்கின்றது.

முதலில் நியூற்றனிடமிருந்து தொடங்குவோம். வெண்ணிற ஒளியை அரியத்தின் வழியே செலுத்தி, அது பல நிறக் கதிர்களின் சேர்க்கையென்று காட்டிய அவர், அச்செய்தியை 1672ஆம் ஆண்டில் இலண்டன் இராயல் சங்கத்துக்கு எழுதி அறிவித்தார். நாம் பள்ளியில் மனனஞ் செய்த ஏழு நிறங்கள் அவர் வகுத்தவையே. ஆனால் தொடக்கத்தில் அவர் எண்ணியவை ஐந்து நிறங்கள். செம்மஞ்சளையும் கருநீலத்தையும் பின்னரே சேர்த்து ஏழாக்கினார். இசையின் ஏழு சுரங்களுக்கும் நிறமாலைக்கும் ஒற்றுமை இருத்தல் வேண்டுமென்னும் விருப்பமே அதற்குக் காரணம். உண்மையில் நிறமாலையில் ஒரு நிறத்துக்கும் அடுத்ததற்கும் இடையே எல்லைக்கோடு எதுவும் இல்லை. உலகம் அழகிய ஒழுங்கில் அமைந்திருத்தல் வேண்டுமென்ற ஆசை அத்துணைப் பேரறிஞரையும் விட்டுவைக்கவில்லை. எனினும், நிறங்களை ஐந்தென்று எண்ணினும் ஏழென்று எண்ணினும் அரியத்தின் முன் நிகழ்வது மாறாது. எவரும் ஒரு கண்ணாடித் துண்டைக் கையிலெடுத்து அதனைச் சோதித்துக் கொள்ளலாம்.

தளபதியின் முந்திரிகைத் தோட்டம்

அமெரிக்காவின் பிலடெல்பியா நகரில் பிளெசன்டன் என்னும் படைத்தளபதி ஒருவர் இருந்தார். 1860ஆம் ஆண்டளவில் அவர் முந்திரிகைக் கொடிகளுக்கெனக் கண்ணாடி மனையொன்றை அமைத்தார். அதன் கூரையில் ஏழு வரிசை வெறுங்கண்ணாடியும் எட்டாம் வரிசை நீலக் கண்ணாடியுமாக மாறிமாறிப் பதிக்கப்பட்டிருந்தன. கொடிகள் செழித்தன, குலைகள் தொங்கின. வானம் நீலமாயிருப்பது வீணன்று, உயிர்களை வளர்ப்பதற்கே இயற்கை அந்நிறத்தை வானுக்கு அளித்தது என்று தளபதி முடிவு செய்தார். பின்னர்ப் பன்றிக்குட்டிகளையும் அத்தகைய கண்ணாடியின்கீழ் வளர்த்து நிறுத்துப் பார்த்தார். அதன்பின் மனிதருக்கும் விதி கூறத் தலைப்பட்டார். 1876இல் அவர் வெளியிட்ட நூல் நீலத் தாளில் நீல மையால் அச்சிடப்பட்டிருந்தது. படிப்போரின் கண்ணுக்கு அதுவே நன்மை செய்யுமென்பது அவர் எண்ணம்.

அடுத்த ஆண்டில் அமெரிக்க நகரங்களை நீலக் கண்ணாடி மோகம் பற்றிக்கொண்டது. வாதநோயாளரும் நரம்புத் தளர்ச்சியாளரும் யன்னல்களில் நீலக் கண்ணாடி பதித்து அதனருகே அமர்ந்தனர். கண்ணாடி வியாபாரிகள் மகிழ்ந்தனர் என்று சொல்லவும் வேண்டுமா?

இங்கே மாணவர் கருத்திற் கொள்ளவேண்டிய பௌதிக உண்மை ஒன்றுண்டு. நிறக்கண்ணாடி ஒளிக்கு எதனையும் கூட்டுவதில்லை. வெள்ளொளியிலுள்ள ஏனைய நிறங்களை உறிஞ்சிக்கொண்டு எஞ்சியதையே அது உட்செல்ல விடுகின்றது. ஆகவே நீலக் கண்ணாடியின்கீழ் அமர்ந்தவருக்கு, வெளியே முற்றத்தில் அமர்ந்தவருக்குக் கிடைத்ததிலும் மேலான நீலக்கதிர் ஒன்றும் கிடைத்ததில்லை. ஏழு பங்கு வெறுங்கண்ணாடி உள்ள கூரையில் எட்டாம் பங்கு சிறிது நிழலைத் தந்திருக்கும், அவ்வளவே. அக்காலத்து அறிவியல் இதழொன்று இதனை எடுத்துக்காட்டித் தளபதியைக் கண்டித்தது. மோகம் வந்த வேகத்திலேயே தணிந்தது.

ஆனால் விதை விழுந்துவிட்டது. 1878இல் எட்வின் பாபிற் என்பவர் ஒளியினதும் நிறத்தினதும் தத்துவங்களைப் பற்றிப் பெருநூல் ஒன்றை நியூயோர்க்கில் வெளியிட்டார். தளபதி ஒரு நிறத்தோடு நின்றார். பாபிற் எல்லா நிறங்களையும் எடுத்துக்கொண்டார். சிவப்பு எழுச்சி தரும், நீலம் தணிக்கும், மஞ்சள் மலத்தை இளக்கும் என்றவாறு ஒவ்வொன்றுக்கும் குணம் கற்பித்தார். நிறப்போத்தல்களில் நீர் நிரப்பி வெயிலில் வைத்துப் பருகும் முறையையும் பரப்பினார். அணுவின் வடிவத்தையே கண்டவர்போலச் சுருள்சுருளாகப் படம் வரைந்து காட்டினார். அந்நூலைப் புரட்டுவோருக்கு ஒரு வியப்பு உண்டாகும். அண்டம் முதல் அணு ஈறாக எல்லாம் அதில் இணைந்திருக்கின்றன. விடையில்லாத வினாவே இல்லை. அந்த நிறைவுதான் என் ஐயத்துக்குக் காரணம். இயற்கையை உண்மையில் வினவியவரது நூலில் "இது தெரியவில்லை" என்னும் இடங்கள் பல இருக்கும்.

பம்பாயிலிருந்து நியூ ஜேர்சிக்கு

டின்ஷா கடியாலி 1873ஆம் ஆண்டில் பம்பாயில் ஒரு பார்சிக் குடும்பத்திற் பிறந்தவர். அவர் கூறிய வரலாறு இது: 1897இல் நண்பர் ஒருவரின் உறவுப்பெண் கடுமையான வயிற்றுக்கடுப்பால் இறக்குந் தறுவாயில் இருந்தாள். வைத்தியரின் மருந்துகள் பயனளிக்கவில்லை. பாபிற்றின் நூலை முன்னரே படித்திருந்த கடியாலி, மண்ணெண்ணெய் விளக்கொன்றின் முன் கருநீலப் போத்தலை வைத்து அவ்வொளியை அவள்மீது படவிட்டார். அதே நிறப் போத்தலிற் பாலை ஊற்றி வெயிலில் வைத்துப் பருகக் கொடுத்தார். மூன்று நாளில் அவள் எழுந்து நடமாடினாள்.

இதனைப் பொய்யென்று தள்ளவேண்டிய அவசியமில்லை. வயிற்றுக்கடுப்பு சில வேளைகளில் தானே தணிவதுண்டு. அப்பெண் பிழைத்தது உண்மையாகவே இருக்கலாம். ஆனால் விளக்கில்லாதிருந்தால் அவள் என்னாகியிருப்பாள் என்னும் வினாவுக்கு ஒரே நோயாளியை வைத்து விடை காண இயலாது. இருபத்து நான்கு வயது இளைஞர் ஒருவர், சாவின் வாயிலிருந்து ஒருத்தி மீண்டதைத் தம் கண்முன் கண்டார். அக்காட்சி அவரை வாழ்நாள் முழுவதும் விடவில்லை. நாமும் அவ்விடத்தில் இருந்திருப்பின் வேறாக எண்ணியிருப்போமோ என்பது ஐயமே.

1911இல் அவர் அமெரிக்கா சென்று குடியேறினார். 1920இல் "ஸ்பெக்ட்ரோ குரோம்" என்னும் பெயரில் தம் விளக்கை வெளியிட்டார். 1000 உவாற்று மின்குமிழ் ஒன்று; அதன் முன் செருகத்தக்க நிறக்கண்ணாடிகள் சில. கண்ணாடிகளைச் சேர்த்தும் மாற்றியும் பன்னிரண்டு நிறங்களைப் பெறலாம். இயந்திரம் இவ்வளவே. அதன் பின்னணியிலிருந்த தத்துவமோ விரிவானது. மனித உடம்பு பெரும்பாலும் ஒட்சிசன், ஐதரசன், நைதரசன், காபன் என்னும் நான்கு மூலகங்களால் ஆனது. இவற்றுள் ஒட்சிசனுக்கு நீலம், ஐதரசனுக்குச் சிவப்பு, நைதரசனுக்குப் பச்சை, காபனுக்கு மஞ்சள் என்று கடியாலி நிறம் வகுத்தார். இந்நிறங்கள் சமநிலையிலிருப்பது சுகம். ஒன்று குறைவதோ மிகுவதோ நோய். குறைந்த நிறத்தை விளக்காற் கொடுத்தும் மிகுந்ததை எதிர்நிறத்தால் அடக்கியும் சமநிலையை மீட்கலாம். நோயைக் கண்டறிதல் வேண்டாம், மருந்து வேண்டாம், சத்திரசிகிச்சை வேண்டாம் என்பது அவர் முழக்கம்.

வாதபித்த கபங்களின் சமநிலையைப் பற்றிக் கேட்டு வளர்ந்த நமக்கு இவ்வமைப்பு புதிதாகத் தோன்றாது. இரசாயனம் கற்ற மாணவனுக்கோ உடனே ஓர் ஐயம் எழும். ஒட்சிசனும் ஐதரசனும் நைதரசனும் நிறமற்ற வாயுக்கள் ஆயிற்றே? சூடேற்றிய மூலகங்கள் தத்தமக்கேயுரிய நிறக்கோடுகளை உமிழ்வது உண்மை. ஆனால் ஒவ்வொரு மூலகத்துக்கும் அத்தகைய கோடுகள் பல உள. ஒற்றை நிறம் அன்று. அன்றியும், உடம்பிலுள்ள ஒட்சிசன் தனித்து நிற்பதில்லை. பெரும்பகுதி நீராகவும் எஞ்சியது வேறு சேர்வைகளாகவும் அமைந்துள்ளது. தத்துவத்தின் அடிக்கல்லே இவ்வாறு ஆட்டங் காண்கின்றது.

விளக்கை உபயோகிப்பதற்கும் விதிகள் இருந்தன. நோயாளி ஆடை களைந்து, இருட்டறையில், வடக்கே தலைவைத்துப் படுத்தல் வேண்டும். சந்திரனின் நிலையும் பார்த்தல் வேண்டும். வடக்கே தலைவைத்துப் படுக்கலாகாதென்று நம் பாட்டிமார் அதட்டிய அதட்டல் இன்னும் என் காதில் ஒலிக்கின்றது! பம்பாய்ப் பெரியார் அதே திசையை நோய் தீர்க்கும் திசையாக்கினார். இரு தரப்பாருக்கும் தத்தம் திசையில் ஐயம் சிறிதும் இருந்ததில்லை.

இருமுறை நீதிமன்றில்

1931இல் கடியாலி நியூயோர்க் மாநிலத்துப் பபலோ நகரில் வழக்கை எதிர்நோக்கினார். பயனற்ற இயந்திரத்தை விற்றுப் பணம் பறித்தார் என்பது குற்றச்சாட்டு. அவர் சார்பில் வைத்தியர்களே சாட்சி கூறினர். அவர்களுள் ஒருவர் பிலடெல்பியாப் பெண்கள் வைத்தியசாலையில் சத்திரசிகிச்சை நிபுணராயிருந்த கேற் போல்ட்வின் அம்மையார். எரிகாயம் முதலியவற்றுக்கு அவ்விளக்கைக் கையாண்டு நற்பயன் கண்டதாக அவர் உறுதியாகக் கூறினார். கடியாலி விடுதலையானார். பாராட்டுக்கும் கேட்டுக்கும் இடையே அவருக்கு வேறொரு போராட்டமும் இருந்தது. இந்தியர் என்னும் காரணத்தால் அவர் பெற்ற அமெரிக்கக் குடியுரிமையைப் பறிக்க அரசு முயன்றது. அவ்வழக்கிலும் அவர் வென்றார். அவர்மீது இனத்துவேஷம் காட்டப்பட்டது உண்மை. அந்த அநீதிக்காக நாம் வருந்தலாம். அதற்காக அவரது விளக்கை ஏற்றுக்கொள்ள இயலாது.

1938இல் அமெரிக்காவில் உணவு மருந்துச் சட்டம் திருத்தி அமைக்கப்பட்டது. மருந்துகளோடு வைத்தியக் கருவிகளும் அரசின் கண்காணிப்புக்குள் வந்தன. அதிகாரிகள் கடியாலியின் நூல்களிற் குணமடைந்தோராகக் குறிக்கப்பட்டவர்களை ஒவ்வொருவராகத் தேடிச் சென்றனர். இதுகாறும் ஒருவரும் செய்யாத வேலை அது. நோயாளி எழுதிய நன்றிக் கடிதத்தோடு கதை முடிவதுண்டு. கடிதம் எழுதிய பின் அவர் என்னானார் என்று பார்ப்பவர் யார்? பார்த்தபோது, பட்டியலிற் குணமடைந்தோர் சிலர் நோய் நீங்காமலேயே இருந்தனர். சிலர் இறந்துவிட்டிருந்தனர்.

1947இல் நியூ ஜேர்சி மாநிலத்துக் கம்டன் நகரில் நடந்த இரண்டாம் வழக்கில் இவையெல்லாம் சாட்சியங்களாயின. அவற்றுள் நீரிழிவைப் பற்றியது என் மனத்தை மிக வருத்துகின்றது. 1922ஆம் ஆண்டில் இன்சுலின் முதன்முதலாக மனிதருக்கு ஏற்றப்பட்டது. அதற்குமுன் நீரிழிவுற்ற சிறுவர்கள் எலும்புந் தோலுமாகி மடிவதைத் தடுக்க உலகில் எவராலும் முடியவில்லை. அந்த மருந்து கைக்கெட்டிய காலத்தில், நீரிழிவாளர் இன்சுலினை நிறுத்தவேண்டும், மாப்பண்டங்களையும் பழுப்புச் சீனியையும் தாராளமாக உண்ணவேண்டும், மஞ்சளும் செவ்வூதாவுமாகிய ஒளிகளின்கீழ்ப் படுக்கவேண்டும் என்று கடியாலியின் நூல் விதித்தது. அவ்வாறு செய்தவருக்கு நேர்வது யாதென்று எந்த வைத்தியரும் சொல்வார். எதிர்த்தரப்பில் வலிப்பு நீங்கியவராகக் கொண்டுவரப்பட்ட இளைஞர் ஒருவர் சாட்சிக்கூண்டிலேயே வலிப்புற்று வீழ்ந்தார் என்பதும் அவ்வழக்கின் செய்தி.

கடியாலி குற்றவாளியெனத் தீர்க்கப்பட்டார். 20,000 டொலர் தண்டமும் ஐந்தாண்டு நன்னடத்தைக் கண்காணிப்பும் விதிக்கப்பட்டன. விளக்குகளைப் பற்றிய அவரது நூல்கள் அழிக்கப்பட்டன. நூலை அழிக்குந் தண்டனை எனக்கு உடன்பாடன்று. பிழையான நூலும் மாணவனுக்குப் பாடமாகும். கண்காணிப்புக் காலம் முடிந்ததும் அவர் வேறு பெயரில் நிலையம் ஒன்றைத் தொடங்கினார். 1966இல், தொண்ணூறு வயதைக் கடந்து, தம் கொள்கை மாறாமலே காலமானார். அவர் வேண்டுமென்று பொய் சொன்னவர் என்று நான் எண்ணவில்லை. அவ்வாறு சொன்னவராயிருப்பின் அவரால் இத்தனை பேரை நம்பச் செய்திருத்தல் இயலாது.

பின்சனின் விளக்கு

அப்படியாயின் ஒளி நோய் தீர்க்காதா? தீர்க்கும், நோபல் பரிசே அதற்குச் சான்று. டென்மார்க்கின் நீல்ஸ் பின்சன் என்னும் வைத்தியர், முகத்தைத் தின்று உருக்குலைக்கும் தோற்காசநோயை ஒருமுனைப்படுத்திய மின்வில் விளக்கொளியால் ஆற்றினார். 1895ஆம் ஆண்டில் தொடங்கிய அச்சிகிச்சைக்காக 1903இல் அவருக்கு நோபல் பரிசு வழங்கப்பட்டது. தாமே தீரா நோயால் நொந்த அவர், மறுஆண்டில் நாற்பத்து மூன்றாம் வயதில் இறந்தார். அவர் விளக்கு எல்லா நோய்க்குமுரியதன்று; ஒரே நோய்க்கு, ஒரே வகையான ஒளி. பின்சனும் தவறியதுண்டு. பெரியம்மை நோயாளரைச் சிவப்பு ஒளி மட்டும் புகும் அறையில் வைத்தால் தழும்பு குறையுமென்று அவர் கூறியிருந்தார். பிறர் செய்துபார்த்தனர், பயன் காணவில்லை, அம்முறை கைவிடப்பட்டது. தோற்காசச் சிகிச்சை அதனாற் கெட்டுவிடவில்லை. பாபிற்றின் கட்டடத்திலோ ஒரு கல்லையும் தனியே உருவியெடுக்க வழியில்லை.

இனி, நிறத்தைப் பற்றி நான் அறிந்தவற்றுள் மிக அழகிய வரலாற்றைக் கூறுகின்றேன். இங்கிலாந்தின் எசெக்ஸ் மாவட்டத்தில் ரொச்போர்ட் வைத்தியசாலை உள்ளது. அங்கே மாதம் நிறையாது பிறந்த குழந்தைகளின் பகுதிக்கு வோர்ட் என்னும் தாதி பொறுப்பாயிருந்தார். காற்றும் வெயிலும் பிள்ளைகளுக்கு நல்லதென்பது அவர் நம்பிக்கை. ஆதலால், வெயில் நன்கெறிக்கும் நாட்களில் தொட்டில்களை முற்றத்துக்குத் தள்ளிச் செல்வார். 1956ஆம் ஆண்டுக் கோடையில் ஒருநாள், வைத்தியர்கள் பார்வையிட வந்தபோது ஒரு குழந்தையின் ஆடையை நீக்கிக் காட்டினார். உடம்பு வெளிறியிருந்தது, ஓரிடத்தில் மட்டும் முக்கோண வடிவில் கடும் மஞ்சள். இதற்கு என்ன மருந்து பூசினீர் என்று வைத்தியர் வினவினர். ஒன்றும் பூசவில்லை, அவ்விடத்தைப் போர்வையின் முனை மூடியிருந்தது என்றார் தாதி. பிள்ளைக்குச் செங்கண்மாரி. வெயில் பட்ட இடமெல்லாம் மஞ்சள் மறைந்து, படாத இடத்தில் அது எஞ்சியிருந்தது.

சில வாரங்களின் பின்னர், செங்கண்மாரியுற்ற வேறொரு குழந்தையின் இரத்தம் குழாயொன்றில் எடுக்கப்பட்டு, ஆய்வுகூடத்தில் வெயில் படுமிடத்தில் சில மணிநேரம் கிடந்துவிட்டது. அதிலிருந்த பிலிரூபின் என்னும் மஞ்சட்பொருளின் அளவு எதிர்பார்த்ததிலும் மிகக் குறைந்திருந்தது. புதிதாக எடுத்த இரத்தத்திலோ அளவு குறையவில்லை. தாதி காட்டிய முக்கோணம் அப்பொழுது வைத்தியரின் நினைவுக்கு வந்திருக்கும். கிறீமரும் அவருடன் பணியாற்றிய இருவரும் எந்த நிற ஒளி இதனைச் செய்கின்றதென்று தேடி, நீலமே என்று கண்டனர். தொட்டிலின்மேல் நீல விளக்குகளைப் பொருத்திக் குழந்தைகளின் இரத்தத்தை மீண்டும் மீண்டும் அளந்தனர். 1958இல் முடிவுகளை வெளியிட்டனர்.

நீலம் ஏன்? பிலிரூபின் நம் கண்ணுக்கு மஞ்சளாகத் தோன்றுவதே அது நீல ஒளியை உட்கொள்வதனால்தான். ஏறக்குறைய 460 நனோமீற்றர் அலைநீளமுள்ள ஒளியை அது மிகுதியாக உறிஞ்சுகின்றது. உறிஞ்சியதும் அதன் மூலக்கூறு வடிவம் மாறுகின்றது. புதிதாய்ப் பிறந்த பிள்ளையின் ஈரல் முதிராததால் நீரிற் கரையாத பிலிரூபினை வெளியேற்ற இயலாது திணறும். வடிவம் மாறிய பிலிரூபினோ ஈரலில் மாற்றம் பெறாமலே பித்தநீரிலும் சிறுநீரிலும் வெளியேறும். வெளியேறாது மிகுந்தால் அது மூளையைத் தாக்கிச் செவிப்புலனையும் கைகால் இயக்கத்தையும் கெடுக்கும், உயிரையும் வாங்கும். முன்னாளில் பிள்ளையின் இரத்தத்தையே மாற்றிக் காப்பாற்ற வேண்டியிருந்தது. இன்று பெரும்பாலான பிள்ளைகளுக்கு விளக்கே போதும்.

இலங்கை வைத்தியசாலைகளிலும் இந்நீல விளக்குகள் உள்ளன. பிறந்து ஓரிரு நாளில் தம் பிள்ளை கண்ணைக் கட்டிக்கொண்டு நீல ஒளியிற் கிடப்பதைப் பார்த்துப் பதறும் இளந் தாய்மார் பலர். ஒளி கண்ணுக்குப் படாதிருக்கவே அக்கட்டு. வீட்டுக்கு அழைத்துச் சென்று முற்றத்து வெயிலிற் காட்டினால் ஆகாதா என்று பாட்டிமார் கேட்பதுண்டு. ஆகாது, வெயிலின் அளவு நம் கையிலில்லை, சூடும் ஊதாக்கடந்த கதிர்களும் பச்சைக் குழந்தைக்குத் தீங்கு செய்யும். பிள்ளையின் மஞ்சள் நெஞ்சையும் வயிற்றையும் கடந்து காலுக்கு இறங்கினால், அல்லது பிள்ளை பால் குடியாது உறங்கிக்கொண்டேயிருந்தால், தாமதியாது வைத்தியரிடங் கொண்டுசெல்லல் வேண்டும். அங்கே விளக்கின்கீழ் வைத்த பிள்ளையின் குதிகாலிற் குத்தி ஒருதுளி இரத்தம் எடுப்பார்கள். சில மணிநேரங் கழித்து மீண்டும் எடுப்பார்கள். அளவு தாழ்ந்ததும் விளக்கை அணைத்துப் பிள்ளையைத் தாயின் கையிற் கொடுத்துவிடுவார்கள்.